காசு கொடுத்தும் வராத கப்பல்கள்: வாசகர் கேள்வி பதில்

போன மாதம் வேறு ஏதோ கேள்விக்குப் பதில் எழுதும்போது, போகிற போக்கில் "துருக்கி மதில் மேல் பூனை" என்று எழுதிவிட்டேன். அந்த ஒரு வரிக்கு வந்த கடிதங்களும் வாட்சாப் செய்திகளும் இந்தப் பக்கத்தில் வேறு எதற்கும் வந்ததில்லை. சிலர் கோபித்துக்கொண்டார்கள், சிலர் இன்னும் விவரமாகச் சொல்லுங்கள் என்றார்கள். யோசித்துப் பார்த்தேன், நான் எழுதியது தவறுதான். அதனால் இந்த மாதம் பக்கம் முழுக்கத் துருக்கிக்கே.

கேள்வி: ஐயா, நேட்டோவில் இருந்துகொண்டே ரஷ்யாவிடம் ஏவுகணை வாங்குகிறார்கள். ரஷ்யாவோடு கைகுலுக்கிக்கொண்டே உக்ரேனுக்கு டிரோன் விற்கிறார்கள். இவர்கள் யார் பக்கம்தான்? (துறைமுகத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்ற வாசகர், பட்டர்வொர்த்)

ஐயா, நீங்கள் காலமெல்லாம் கப்பல் பார்த்தவர், உங்களுக்குக் கடல் வழியாகவே சொல்கிறேன். பட்டர்வொர்த்திலிருந்து ஃபெரியில் பினாங்குத் தீவின் ஜார்ஜ்டவுனுக்கு வரும்போது நடுவில் நின்றால் இரண்டு கரையும் தெரியும் அல்லவா, இஸ்தான்புல்லிலும் அப்படித்தான், ஃபெரியில் ஏறினால் இருபது நிமிடத்தில் ஆசியாவிலிருந்து ஐரோப்பாவுக்குப் போய்விடலாம். ஆனால் போஸ்பரஸ் நீரிணை நம் கடலைவிட ரொம்பக் குறுகல், மிகக் குறுகும் இடத்தில் 700 மீட்டர்தான். அந்தச் சந்துக்குள் எண்ணெய்க் கப்பலும் கோதுமைக் கப்பலும் போர்க்கப்பலும் வீட்டு வாசலில் லோரி போகிற மாதிரிப் போகும், கரையில் தேநீர் குடித்துக்கொண்டிருப்பவர்கள் நிமிர்ந்துகூடப் பார்க்க மாட்டார்கள். கருங்கடலிலிருந்து மத்தியதரைக் கடலுக்கு வர உக்ரேனுக்கும் ருமேனியாவுக்கும் ரஷ்யாவின் கருங்கடல் படைக்கும் இதுதான் வழி.

மலாக்கா நீரிணையில் போகிற கப்பலை நாம் நிறுத்த முடியாது. அங்கே நிலைமை வேறு. 1936-இல் சுவிட்சர்லாந்தின் மோன்த்ரோ நகரில் போட்ட ஒப்பந்தப்படி சாவி துருக்கியின் கையில் இருக்கிறது. சரக்குக் கப்பல்களுக்குத் தடை இல்லை. போர்க்கப்பல்களுக்குத்தான் கணக்கு: கருங்கடல் கரையில் இல்லாத நாட்டின் போர்க்கப்பல் 21 நாளுக்கு மேல் உள்ளே தங்கக் கூடாது, போர் மூண்டால் சண்டை போடுகிற நாடுகளின் போர்க்கப்பல்களுக்குத் துருக்கி கதவைச் சாத்தலாம். 2022 பிப்ரவரி கடைசியில் ரஷ்யா உக்ரேனுக்குள் புகுந்த சில நாளிலேயே துருக்கி அப்படிச் சாத்திவிட்டது. ரஷ்யா வேறு கடல்களில் வைத்திருந்த போர்க்கப்பல்களைக் கொண்டுவந்து கருங்கடல் படையோடு சேர்க்க முடியவில்லை. அதே சமயம் உங்கள் கப்பல்களும் வேண்டாம் என்று நேட்டோ நாடுகளிடமும் சொல்லிவிட்டது. அந்த ஜூலையில் இரண்டு தரப்பையும் இஸ்தான்புல்லுக்கு அழைத்து, ஐ.நா.வோடு சேர்ந்து, தானிய ஒப்பந்தமும் போட்டது. அது நடைமுறையில் இருந்த ஓராண்டில் உக்ரேன் துறைமுகங்களிலிருந்து வெளியே வந்த தானியமும் உணவுப்பொருளும் சுமார் 3.3 கோடி டன். மதில் மேல் பூனைக்கு இப்படி ஒரு வேலை செய்யத் தெரியாது. அதனால்தான் என் வரியைத் திரும்பப் பெறுகிறேன்.

யார் பக்கம் என்றால், கதவின் பக்கம். ரஷ்யா அவர்களுக்குப் புதுப் பயம் இல்லை, ஒட்டோமான் பேரரசாக இருந்த காலத்திலிருந்தே ரஷ்யாவோடு எத்தனையோ போர் போட்டவர்கள். இரண்டாம் உலகப் போர் முடிந்ததும் ஸ்டாலின் நீரிணையில் தளம் கேட்டார், கிழக்கே கார்ஸ் பக்கம் நிலமும் கேட்டார். அந்தப் பயத்தில்தான் கொரியப் போருக்குப் படை அனுப்பி, 1952-இல் நேட்டோவுக்குள் போனார்கள். அமெரிக்காவை மட்டும் நம்பி இருக்கலாமா என்ற சந்தேகம் எப்படி வந்தது என்பதுதான் பெரிய கதை. ஏவுகணைக்கும் அதில்தான் பதில் இருக்கிறது, அடுத்தடுத்த பதில்களையும் படித்துவிடுங்கள்.

கேள்வி: துருக்கி என்று எழுதுவதா, துர்க்கியே என்று எழுதுவதா? மாணவர்கள் கேட்கிறார்கள். (தமிழ் ஆசிரியை, பாயான் லெப்பாஸ்)

2022-இல் ஐ.நா.வில் பெயரைத் துர்க்கியே என்று மாற்றிக்கொண்டார்கள், டீச்சர். தமிழில் துருக்கி என்ற சொல் பல தலைமுறையாகப் புழங்குகிறது, அது யாரையும் இழிவு செய்யவும் இல்லை. கட்டுரையில் துருக்கி என்றே எழுதட்டும், தேர்வில் அதிகாரப்பூர்வப் பெயர் கேட்டால் துர்க்கியே.

கேள்வி: ஜாலான் உத்தாமா பழைய கல்லறைத் தோட்டத்தில் ரஷ்ய மாலுமிகளுக்கு ஒரு நினைவுக்கல் இருக்கிறது. முதல் உலகப் போரில் பினாங்குக்கும் ரஷ்யாவுக்கும் துருக்கிக்கும் தொடர்பு உண்டு என்று எங்கள் விரிவுரையாளர் சொன்னார், வகுப்பு முடிந்துவிட்டது. நீங்கள் சொல்ல முடியுமா? (பல்கலைக்கழக மாணவி, ஜெலுத்தோங்)

இந்தக் கேள்விக்காக உனக்குத் தனியாக நன்றி சொல்ல வேண்டும், தங்கச்சி. மழை விட்ட ஒரு காலையில் அந்தக் கல் முன்னால் நின்றிருக்கிறேன். புல் ஈரம், சாலையில் பள்ளிக்கூட பஸ் சத்தம், எனக்கு ஓர் எழுத்தும் படிக்கத் தெரியாத ரஷ்ய வாசகம். எங்கிருந்தோ வந்து இங்கே கிடக்கிறார்களே என்று மனசு கனத்துப்போனது.

'அவன் பெரிய எம்டன்' என்று வீட்டில் சொல்லிக் கேட்டிருப்பாய். அந்தச் சொல் 'எம்டன்' என்ற ஜெர்மன் கப்பலிலிருந்து வந்தது. 1914 செப்டம்பரில் சென்னைத் துறைமுகத்தின் எண்ணெய்த் தொட்டிகளைக் கொளுத்திய அதே கப்பல், அக்டோபர் 28 விடியற்காலையில் பொய்யாக ஒரு புகைபோக்கியைக் கட்டிக்கொண்டு, பிரிட்டிஷ் கப்பல் போல வேடம் போட்டு நம் பினாங்குத் துறைமுகத்துக்குள் நுழைந்தது. அங்கே நங்கூரமிட்டிருந்த ரஷ்யப் போர்க்கப்பல் ஜெம்சுக் சில நிமிடங்களில் மூழ்கியது. எண்பதுக்கும் மேற்பட்ட மாலுமிகள் செத்துப்போனார்கள். கப்பல் தலைவர் அன்றிரவு கரையில் இருந்தார்.

அதற்கு மறுநாளே, அக்டோபர் 29 அன்று, துருக்கிக் கொடி பறந்த கப்பல்கள் கருங்கடலில் ரஷ்யாவின் ஒடெசா, செவஸ்தபோல் துறைமுகங்கள் மேல் குண்டு வீசின. முன்னால் வந்த கப்பல் பெயருக்குத்தான் துருக்கிக் கப்பல், அதை ஓட்டியவர்கள் ஜெர்மானியர்கள். அதன் பின்கதைதான் முக்கியம். போருக்கு முன்னால் துருக்கி பிரிட்டனிடம் இரண்டு பெரிய போர்க்கப்பல்களுக்குச் சொல்லிவைத்திருந்தது, ஊர் ஊராக மக்களிடம் வசூலித்த பணமும் அதில் இருந்தது. கப்பல் தயார், எடுத்துப் போகத் துருக்கி மாலுமிகளும் இங்கிலாந்து போய்ச் சேர்ந்துவிட்டார்கள். 1914 ஆகஸ்ட் தொடக்கத்தில் பிரிட்டன் இரண்டையும் தனக்கே எடுத்துக்கொண்டது. ஊரே கொதித்தது. ஜெர்மனி இதைக் கச்சிதமாகப் பயன்படுத்திக்கொண்டு, பிரிட்டிஷ் படைக்குத் தப்பி ஓடிவந்த தன்னுடைய கோபென், பிரெஸ்லாவ் என்ற இரண்டு கப்பல்களைத் துருக்கிக்கே கொடுத்துவிடுவதாகச் சொன்னது. ஜெர்மன் மாலுமிகள் தலையில் துருக்கித் தொப்பி வைத்துக்கொண்டார்கள், அவ்வளவுதான் மாற்றம். செவஸ்தபோலுக்குப் போனது அந்தக் கோபென்தான். ஒரு வாரத்துக்குள் துருக்கி முழுப் போருக்குள் இழுக்கப்பட்டது, நான்கு வருடத்தில் தோற்றது, 1922-இல் ஒட்டோமான் பேரரசே போய்விட்டது.

எம்டனுக்கும் ஒரு துருக்கி முடிவு உண்டு. நவம்பரில் கொக்கோஸ் தீவில் அது அழிந்தபோது கரையில் இருந்த சுமார் ஐம்பது பேர் பழைய பாய்மரக் கப்பல் ஒன்றைப் பிடித்துச் சுமத்ராவுக்கு வந்து, அங்கிருந்து ஏமன், அரேபியப் பாலைவனம் என்று அலைந்து, 1915 மே மாதம் போய்ச் சேர்ந்த ஊர் இஸ்தான்புல்.

கேள்வி: நம் ராணுவம் துருக்கியிடம் நிறைய வாங்குகிறதே, முஸ்லிம் நாடு என்பதாலா? (வாசகர், கோலாலம்பூர்)

அந்தப் பாசம் பேச்சுவார்த்தைக்கு உதவும், ஆனால் பணம் அதற்காகக் கைமாறுவதில்லை. நம் கெம்பித்தா கவச வண்டி துருக்கி நிறுவனத்தோடு சேர்ந்து வடிவமைத்து பகாங்கின் பெக்கானில் செய்தது. 2023 லங்காவி கண்காட்சியில் மூன்று அங்கா டிரோன்களுக்கு ஒப்பந்தம் போட்டோம், 2024-இல் கடற்படைக்கு மூன்று போர்க்கப்பல்கள். விலை கட்டுப்படியாகிறது, தொழில்நுட்பத்தையும் கொஞ்சம் கற்றுக்கொடுக்கிறார்கள், இதை இவன் மேல் பயன்படுத்தாதே அவன் மேல் பயன்படுத்தாதே என்ற நிபந்தனையும் குறைவு.

அந்த நிபந்தனையின் வலி அவர்களுக்குத் தெரியும். 1964-இல் சைப்ரஸ் தீவில் துருக்கி வம்சாவளியினர் தாக்கப்பட்டபோது படை அனுப்பப் பார்த்தார்கள். அமெரிக்க அதிபர் ஜான்சன் கடுமையாகக் கடிதம் எழுதினார்: நாங்கள் கொடுத்த ஆயுதத்தை அங்கே எடுத்துப் போகக் கூடாது, சோவியத் உள்ளே வந்தால் நேட்டோ உங்களைக் காப்பாற்றும் என்று நம்பிக்கொண்டிருக்காதீர்கள். 1974-இல் படை போயே விட்டது, மறு வருடம் அமெரிக்கா ஆயுதத்தை நிறுத்தியது. தீவின் வடக்கில் அந்தப் படை இன்றைக்கும் இருக்கிறது, அதை நான் நியாயப்படுத்தவில்லை, வீட்டை விட்டு ஓடிய கிரேக்கக் குடும்பங்களின் கதை தனி. ஆனால் சொந்தமாக ஆயுதம் செய்ய வேண்டும் என்ற வெறி அங்கே பிடித்தது அந்த வருடங்களில்தான்.

இப்போது பட்டர்வொர்த் ஐயா கேட்ட ஏவுகணைக்கு வருகிறேன். அமெரிக்காவின் பேட்ரியட் ஏவுகணைக்குப் பல வருடம் பேசிப் பார்த்தார்கள், விலையும் தொழில்நுட்பமும் ஒத்துவரவில்லை. 2015 நவம்பரில் ரஷ்யப் போர் விமானம் ஒன்றைத் துருக்கி சுட்டு வீழ்த்தியது; ரஷ்யா தக்காளி வாங்குவதை நிறுத்தி, சுற்றுலாப் பயணிகளையும் நிறுத்திவிட்டது, துருக்கி அடுத்த ஜூனில் வருத்தம் தெரிவித்தது. 2016 ஜூலை 15 இரவு ராணுவத்தில் ஒரு பிரிவு ஆட்சியைப் பிடிக்கப் பார்த்து, தங்கள் நாட்டு விமானத்தாலேயே நாடாளுமன்றத்தின் மேல் குண்டு போட்டது. மேற்கு நாடுகள் யோசித்து யோசித்துப் பேசின, புதின் உடனே போன் போட்டார். மறு வருடம் ரஷ்யாவின் எஸ்-400 ஏவுகணைக்கு ஒப்பந்தம் கையெழுத்தானது, 2019 ஜூலையில் ஏவுகணை வந்து இறங்கியது. அதே மாதம் அமெரிக்கா எஃப்-35 போர் விமானத் திட்டத்திலிருந்து துருக்கியை வெளியேற்றியது. அந்த விமானத்துக்குப் பாகங்கள் செய்துகொடுத்துக்கொண்டிருந்த கூட்டாளி நாடு அது. கட்டிய பணம் 140 கோடி டாலர் என்று துருக்கி அதிபர் எர்டோகன் பல முறை சொல்லிவிட்டார், விமானம் வரவில்லை.

1914-இல் காசு கொடுத்தும் கப்பல் வரவில்லை, 2019-இல் காசு கொடுத்தும் விமானம் வரவில்லை. இந்த இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால்தான் எதற்காக நாலு கடையில் கணக்கு வைத்திருக்கிறார்கள் என்பது புரியும். எஸ்-400 வாங்கியது நல்ல முடிவு என்று நான் சொல்ல மாட்டேன். அதை வாங்கி என்ன பாதுகாப்பு கூடியது? ஆனால் ஸ்வீடன் நேட்டோவில் சேருவதற்கு இருபது மாதம் இழுத்தடித்து, 2024 ஜனவரியில் ஒப்புதல் கொடுத்த அதே வாரத்தில் அமெரிக்காவிடமிருந்து எஃப்-16 விமானங்களுக்கு அனுமதி வாங்கினார்கள் பாருங்கள், அங்கே பேரம் பேசத் தெரிந்திருக்கிறது. 2025 அக்டோபரில் 20 டைஃபூன் போர் விமானங்களுக்கும் ஒப்பந்தம் போட்டார்கள், யாரோடு தெரியுமா, அந்தக் கப்பல்களைக் கொடுக்காத பிரிட்டனோடுதான்.

கேள்வி: மகள் துருக்கி சீரியல் பார்த்துவிட்டு இஸ்தான்புல் போகலாம் என்று உயிரை எடுக்கிறாள். அங்கே சாதாரண மக்கள் எப்படி இருக்கிறார்கள்? (இல்லத்தரசி, பிறை)

போய்ப் பாருங்கள் அம்மா, மனிதர்கள் அருமையானவர்கள். ஆனால் கஷ்டப்படுகிறார்கள். 2013-இல் நான் போனபோது ஒரு லிராவுக்கு ஒன்றரை வெள்ளிக்கு மேல் கொடுத்தேன், 2023 கடைசியில் போனபோது இருபது காசுகூட இல்லை, இப்போது பத்துக் காசு பக்கம். இரண்டாவது தடவை காடிகோய் பக்கம் சின்ன சாப்பாட்டுக் கடையில் விலைப் பட்டியலை எடுத்துப் பார்த்தேன், ஒவ்வொரு விலையின் மேலும் சின்னச் சின்ன ஸ்டிக்கர். பருப்பு சூப்புக்கு மேல் ஒட்டியிருந்த ஸ்டிக்கர் ஓரத்தில் உரிந்திருந்தது, நகத்தால் தூக்கினேன், கீழே இன்னொன்று, அதற்கும் கீழே இன்னொன்று. கடைக்காரர் சிரிக்கவில்லை. மகனுக்குக் கல்யாணம் வைக்க முடியவில்லை, வீட்டு வாடகை அப்படி ஏறிவிட்டது என்று பக்கத்து மேசைப் பையனை விட்டு மொழிபெயர்த்துச் சொன்னார்.

அதிகாரப்பூர்வக் கணக்கிலேயே 2022 அக்டோபரில் விலைவாசி ஏற்றம் 85 விழுக்காட்டைத் தாண்டியது. உலகம் முழுக்க வட்டியை ஏற்றிக்கொண்டிருந்தபோது, வட்டிதான் விலையேற்றத்துக்குக் காரணம் என்று பிடிவாதம் பிடித்து எர்டோகன் இறக்கவைத்தார். 19 விழுக்காட்டில் இருந்தது 2023 தொடக்கத்தில் எட்டரைக்கு வந்தது. தேர்தலில் ஜெயித்த பிறகு பாதையை மாற்றி 50 விழுக்காடு வரை ஏற்றினார்கள். நடுவில் சேமிப்பு கரைந்துபோனவர்களுக்கு யாரும் கணக்குத் தீர்க்கவில்லை.

அந்த 2023 பிப்ரவரி 6 நிலநடுக்கம் உங்களுக்கு நினைவிருக்கும், நம் ஸ்மார்ட் மீட்புக் குழுவும் போனது. துருக்கியில் மட்டும் 53,000-க்கு மேல் செத்தார்கள். விதியை மீறிக் கட்டிய கட்டடங்களுக்கு 2018-இல், தேர்தல் நேரத்தில், அபராதம் வாங்கிக்கொண்டு மன்னிப்புப் பத்திரம் கொடுத்த அரசு அது. வெளியுறவில் இத்தனை சாமர்த்தியம் காட்டுகிறவர்கள் இதைச் செய்தார்களே என்று நினைத்தால் எனக்கு வயிறு எரிகிறது.

2025 மார்ச் 19 அன்று, எர்டோகனைத் தோற்கடிக்கக் கூடியவர் என்று எல்லாரும் சொல்லிக்கொண்டிருந்த இஸ்தான்புல் மேயர் எக்ரெம் இமாமோலுவைக் கைது செய்தார்கள். அதற்கு முந்தின நாள்தான் அவருடைய பல்கலைக்கழகப் பட்டம் செல்லாது என்று அறிவித்திருந்தார்கள், அதிபர் தேர்தலில் நிற்கப் பட்டம் கட்டாயம். இளைஞர்கள் தெருவுக்கு வந்தார்கள், ஆயிரத்துக்கு மேற்பட்டவர்கள் பிடிபட்டார்கள். ஐரோப்பியத் தலைநகரங்கள் வருத்தம் என்று சொன்னதோடு சரி. கருங்கடலுக்கும் அகதிகளுக்கும் ஆயுதத்துக்கும் எர்டோகன் வேண்டும், அதனால் உள்ளே நடப்பதை யாரும் உரக்கக் கேட்பதில்லை. அவர் எல்லாருக்கும் தேவைப்படுவதற்கான விலை அந்தப் பிள்ளைகள் தலையில் விழுகிறது.

கேள்வி: சென்னையில் இருக்கும் சொந்தக்காரர்கள் துருக்கிக்குப் போகாதீர்கள், அவர்கள் பாகிஸ்தான் பக்கம் என்கிறார்கள். (வாசகர், பாகான்)

2025 மே மாத இந்தியா-பாகிஸ்தான் சண்டையில் துருக்கி பாகிஸ்தானுக்காகப் பேசியது உண்மை. இந்தியா துருக்கி விமான நிலையச் சேவை நிறுவனத்தின் பாதுகாப்பு அனுமதியை ரத்து செய்தது, பயண நிறுவனங்கள் டிக்கெட் விற்பதையும் நிறுத்தின. பிரதமராக இருந்த மகாதீர் காஷ்மீர் பற்றிப் பேசியதற்கு 2020-இல் நம் செம்பனை எண்ணெய் அடி வாங்கியதே, அதே மாதிரிதான். ஆனால் 2023 நிலநடுக்கத்தின்போது இந்தியா 'தோஸ்த்' என்று பெயர் வைத்து மீட்புப் படையும் கள மருத்துவமனையும் அனுப்பியது, துருக்கிப் பெண் ஒருவர் இந்தியப் பெண் ராணுவ மருத்துவரைக் கட்டிப்பிடித்துக்கொண்ட படத்தை அதே சொந்தக்காரர்கள்தான் அன்று அனுப்பியிருப்பார்கள். போவதும் போகாததும் உங்கள் விருப்பம்.

கேள்வி: குர்து மக்கள் விவகாரத்தைப் பற்றி ஏன் நீங்கள் எழுதுவதே இல்லை? ஈழத்துக்காக அழுத நாம் இதற்கு வாய் திறக்க வேண்டாமா? (தமிழ்ப்பள்ளி முன்னாள் தலைமையாசிரியர், நிபோங் திபால்)

உங்கள் கோபம் நியாயம், சார். துருக்கி அரசுக்கும் பி.கே.கே. என்ற குர்து ஆயுதக் குழுவுக்கும் நடந்த நாற்பது வருடச் சண்டையில் நாற்பதாயிரம் பேருக்கு மேல் இறந்தார்கள், குர்து கிராமங்கள் காலியாக்கப்பட்டன, ஆயுதக் குழு கொன்ற ஆசிரியர்களும் உண்டு. 2025 மே மாதம் அந்தக் குழு தன்னைக் கலைத்துக்கொள்வதாக அறிவித்தது, ஜூலையில் வடக்கு ஈராக்கில் முப்பது பேர் துப்பாக்கிகளைப் பெரிய அண்டாவில் போட்டுக் கொளுத்தினார்கள். துப்பாக்கி எரிந்தது நல்லது. மொழி?

துருக்கி அரசியலமைப்பின் 42-ஆவது பிரிவு, துருக்கி மொழி தவிர வேறு எதையும் குடிமக்களுக்குத் தாய்மொழியாகப் பள்ளியில் சொல்லிக்கொடுக்கக் கூடாது என்கிறது. மக்கள்தொகையில் ஆறில் ஒரு பங்கு முதல் ஐந்தில் ஒரு பங்கு வரை குர்துகள் என்று மதிப்பிடுகிறார்கள். 1816-இல் பினாங்கு ஃப்ரீ ஸ்கூலில் தமிழ் வகுப்பு தொடங்கிய ஊரில் உட்கார்ந்து இதை வாசித்தால் நெஞ்சு அடைக்கிறது. 2012 முதல் குர்து மொழியை விருப்பப் பாடமாக எடுக்கலாம், வாரத்துக்கு இரண்டு பாடவேளை, அதுவும் பத்துப் பிள்ளைகள் கேட்டால்தான்.

நம் இடைநிலைப்பள்ளியில் தாய்மொழி வகுப்பு நடத்தப் பதினைந்து பெற்றோர் கேட்க வேண்டும் என்ற விதி உங்களுக்குத் தெரியாததா? எனக்குப் பதின்மூன்று வயதிருக்கும்போது எங்கள் வட்டாரத்தில் பதினான்கு பேர்தான் இருந்தார்கள். அப்பா வேலை முடிந்து வந்து, சட்டைகூட மாற்றாமல், பாரத்தை எடுத்துக்கொண்டு மோட்டார் சைக்கிளில் கிளம்புவார். மூன்றாவது நாள் இரவு ஒன்பது மணிக்கு மேல் வந்தார், கடைசி வரியில் பெயருக்குப் பதில் மையில் அமுக்கிய கட்டைவிரல் ரேகை. தன் பேத்திக்காக ஒரு பாட்டி வைத்தது.